அதபும் பிரம்பும்: ‘சாய்வு நாற்காலி’யின் வழியே தலைமுறை உறவுகள்

இன்றைய பிள்ளைகள் பெற்றோரை மதிப்பதில்லை என்னும் முறையீடு நம் இதழ்களிலும் மிம்பர்களிலும் ஓயாமல் ஒலித்து வருகிறது. முறையீடு பொய்யன்று. ஆயினும் அது வழக்கின் ஒரு தரப்பு மட்டுமே. மறுதரப்பின் வாக்குமூலம் எங்கே பதிவாகியிருக்கிறது என்று தேடினால், அது சொற்பொழிவுத் தொகுப்புகளில் கிடைப்பதில்லை, நாவல்களில்தான் கிடைக்கிறது. நம்முள் பலர் நாவல் வாசிப்பதைப் பொழுதுபோக்காகவும் சிலர் அதனினும் கீழாகவும் கருதுவதால் அந்த வாக்குமூலம் இன்னும் சரியாகக் கேட்கப்படவில்லை.

தமிழ் முஸ்லிம்களின் நாவல் மரபு தொடங்கியதே பெற்றோர்–பிள்ளை உறவில்தான் என்பது நோக்கத்தக்கது. இலங்கை அறிஞர் முஹம்மது காசிம் சித்தி லெப்பை 1885இல் வெளியிட்ட ‘அசன்பே சரித்திரம்’, குழந்தைப் பருவத்திலேயே பெற்றோரிடமிருந்து பிரிக்கப்பட்ட ஒரு மகன் தன் பிறப்பை அறிந்து அவர்களைச் சென்றடையும் கதை. அங்கே பிரிவுக்குக் காரணம் வெளியிலிருந்து வந்த தீயோர். சரியாக 112 ஆண்டுகளுக்குப் பின், 1997இல், தோப்பில் முஹம்மது மீரானின் ‘சாய்வு நாற்காலி’ வந்தது. அவ்வாண்டின் சாகித்திய அகாதெமி விருதையும் பெற்றது. இங்கே யாரும் யாரையும் கடத்தவில்லை. ஒரே கூரையின்கீழ் வாழ்பவர்களே ஒருவரையொருவர் இழந்து நிற்கிறார்கள். இவ்விரு நூல்களுக்கும் இடைப்பட்ட தூரம் நம் குடும்பங்கள் கடந்து வந்த தூரமாகும்.

நாற்காலியில் இருப்பவர்

குமரி மாவட்டத்துத் தேங்காய்ப்பட்டணத்தில் 1944இல் பிறந்து, திருநெல்வேலியில் மிளகாய் வணிகம் செய்து, 2019இல் மறைந்த மீரான், தம் கரையோர ஊரின் வழக்கு மொழியிலேயே இந்நாவலைப் படைத்தார். கதையின் நடுவே ஒரு பழம்பெரும் வீடு. அதன் தலைவர் முஸ்தபாக்கண்ணு, மூதாதையரின் பெருமையைச் சொல்லிச் சொல்லியே வாழ்பவர். உழைப்பு அவருக்கு இழுக்கு. உண்பது மட்டும் குறையக் கூடாது. வீட்டுச் சாமான்கள் ஒவ்வொன்றாக விலைக்குப் போகின்றன. அவர் மட்டும் சாய்வு நாற்காலியை விட்டு எழுவதில்லை.

இந்நூல் வெளிவந்த காலத்தில் இதனைச் சமுதாயத்தின்மீது வீசப்பட்ட சேறு என்று கருதியோர் உண்டு. நானும் முதல் வாசிப்பில் அவ்வாறே முகம் சுளித்தேன். பின்னர் மறுபடியும் வாசித்தபோதுதான் ஆசிரியரின் சினம் எதன்மீது என்பது விளங்கிற்று. அவர் சினம் முதுமையின்மீது அன்று. பெற்றோர் என்னும் தகுதியின்மீதும் அன்று. கொடுப்பதை நிறுத்திவிட்டு, பெறுவதை மட்டும் உரிமையாக்கிக்கொண்ட ஒரு தலைமுறையின்மீது. பொருளை விற்றுத் தின்பவன் தன் பிள்ளைகளின் நாளையையும் சேர்த்தே தின்கிறான் என்பதை மீரான் எந்தப் போதனையும் இல்லாமல், வெறுமையாகிக்கொண்டே வரும் ஒரு வீட்டைக் காட்டியே உணர்த்திவிடுகிறார்.

ஒரு சொல்லின் வீழ்ச்சி

அரபு கற்பிப்பவன் என்ற முறையில் இந்நாவலில் என்னை மிகவும் நிறுத்தி வைத்தது அந்த வீட்டில் இருக்கும் ஒரு பிரம்பு. வீட்டுப் பெண்களை அடித்து அடக்குவதற்கானது அது. அதற்கு ‘அதபுப் பிரம்பு’ என்று பெயர்.

அதபு என்னும் சொல்லின் வரலாற்றை அறிந்தோர்க்கு இப்பெயர் நெஞ்சில் தைக்கும். அலிஃப், தால், பா என்னும் இவ்வேரெழுத்துகளிலிருந்துதான் ‘மஅதுபா’ என்ற சொல்லும் பிறக்கிறது. அதன் பொருள் விருந்து. மக்களை விருந்துக்கு அழைப்பதே இவ்வேரின் மூலப்பொருள் என்றும், நற்பண்புகளின்பால் மனிதரை அழைப்பதால் அதபு அப்பெயர் பெற்றது என்றும் பண்டைய அகராதியாளர் விளக்குவர். பின்னாளில் இச்சொல் ஒழுக்கம், கல்வி, இலக்கியம் எனப் பல பொருள்களுக்கு விரிந்தது. இன்றும் அரபு மொழியில் இலக்கியத்திற்கு அதுவே பெயர். சட்ட நூல்களில் அதன் வினைவடிவமான ‘தஅதீப்’ கண்டித்துத் திருத்துதல் என்ற பொருளையும் ஏற்றது.

விருந்துக்கு அழைத்த சொல் தண்டிக்கும் கோலாக மாறிய கதையை மீரான் ஆராய்ச்சிக் கட்டுரையாக எழுதவில்லை; ஒரு பொருளின் பெயரில் அதனை வைத்துவிட்டார். நம் வீடுகளில் ‘அதபு இல்லாத பிள்ளை’ என்று சொல்லும்போது நாம் கருதுவது யாது? பண்பற்ற பிள்ளையையா, அல்லது அஞ்சாத பிள்ளையையா? இவ்விரண்டும் ஒன்றாகிவிட்ட இடத்தில்தான் தலைமுறைகளுக்கிடையேயான விரிசல் தொடங்குகிறது.

இதே பிரம்பு பெண்களின் கைக்கு மாறும்போது என்ன ஆகும் என்பதை ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’யில் (2004) சல்மா காட்டினார். அங்கே கட்டுப்பாட்டைக் காவல் காப்பவர்கள் பெரும்பாலும் தாய்மாரும் பாட்டிமாருமே. தாம் பட்டதையே மகளுக்கும் சீதனமாகக் கொடுக்கிறார்கள். அது வன்மத்தால் அன்று. வேறொன்றைக் கொடுக்க அவர்களிடம் இல்லாமையால். இந்த இரக்கப் பார்வையே அந்நாவலின் வலிமை. எனினும் அதன் உலகில் அன்பும் அதிகாரமும் மிக இறுகப் பின்னிக் கிடப்பதால், ஒரு மகள் தன் தாயை மன்னிக்கும் வழி வாசகனுக்குத் தெளிவாகப் புலப்படுவதில்லை.

அம்பத்தூருக்கு வந்த நாற்காலி

இந்நாவல்களை நான் வாழும் சென்னையின் மேற்குப் புறநகரிலிருந்து வாசிக்கும்போது அவற்றின் எல்லையும் தெரிகிறது. பூவிருந்தவல்லியில் 1653ஆம் ஆண்டைச் சேர்ந்த பாரசீகக் கல்வெட்டுடன் ஒரு பழம் பள்ளிவாசல் உண்டு. அஃதொழிய இப்பகுதி முஸ்லிம் குடும்பங்களுள் பெரும்பாலானவை அண்மைக்காலத்தில் குடியேறியவை. 1964இல் அம்பத்தூர்த் தொழிற்பேட்டை அமைந்தது. 1965இல் ஆவடித் தொழிற்சாலையிலிருந்து முதல் விஜயந்தா டாங்கி வெளிவந்தது. அந்தக் காலத்தில் பிற மாவட்டங்களிலிருந்து கடைசல் இயந்திரத்திற்கும் பற்றவைப்புப் பணிக்கும் வந்த இளைஞர்களே இன்று பேரன் பேத்தி கண்ட முதியோர்.

இவர்களிடம் விற்பதற்குப் பரம்பரைச் சாமான்கள் இருந்ததில்லை. மூன்று ஷிப்டிலும் நின்றே வேலை பார்த்தவர்கள் இவர்கள். ஓய்வுபெற்று அடுக்ககத்தின் கூடத்தில் அவர்கள் சாய்ந்திருக்கும் நாற்காலி முஸ்தபாக்கண்ணுவின் நாற்காலி அன்று, உழைத்துச் சம்பாதித்தது. மீரானின் அங்கதம் இவர்களைத் தொடாது. ‘சாய்வு நாற்காலி’யை எல்லா முஸ்லிம் தந்தையரின் சித்திரமாகக் கொள்ளும் விமர்சகர்கள் இவ்வேறுபாட்டைக் காணத் தவறுகிறார்கள்.

ஆனால், உழைத்தவரின் நாற்காலிக்கும் ஒரு சோதனை உண்டு. ‘உனக்காகவே தேய்ந்தேன்’ என்னும் சொல் அங்கே பிரம்பின் இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. மகனின் படிப்பு, வேலை, மணம், அவன் மனைவி வேலைக்குப் போகலாமா என்பது வரை அனைத்தும் அந்தப் பழைய கடனின் தவணைகளாகக் கணக்கிடப்படுகின்றன. வீட்டுக் கடனுக்கு வங்கியில் ஒரு தவணை. பிறந்த கடனுக்கு வீட்டில் ஒரு தவணை. இம்மகனைப் பற்றிய நாவல் நம்மிடம் இன்னும் வரவில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் இப்பகுதிப் பள்ளிவாசல் ஒன்றில் பெற்றோர் உரிமை பற்றி ஜும்ஆ பயான் செய்தேன். தொழுகை முடிந்ததும் முப்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் அருகில் வந்து ஸலாம் கூறி, “ஹஜ்ரத், அத்தாவுக்கு என்மேல் உள்ள ஹக்கைச் சொன்னீங்க. எனக்கு அவர்மேல் உள்ள ஹக்கு எந்த ஜும்ஆவில் வரும்?” என்று கேட்டார். குரலில் துடுக்கு இல்லை, களைப்பு இருந்தது. அடுத்த வாரம் பேசுகிறேன் என்றேன். அடுத்த வாரம் வேறொரு தலைப்பில் பேசினேன்.

மறை காட்டும் இருவழி

அந்த இளைஞருக்கு நான் சொல்லியிருக்க வேண்டிய விடை திருமறையிலேயே இருக்கிறது. முதுமை எய்திய பெற்றோரிடம் ‘உஃப்’ என்றுகூடக் கூறலாகாது என்னும் கட்டளையை (17:23) நாம் ஒவ்வொரு மேடையிலும் ஓதுகிறோம். அதனை அடுத்த வசனத்தில் கற்பிக்கப்படும் பிரார்த்தனையைப் போதிய அளவு சிந்திப்பதில்லை. சிறுவயதில் அவர்கள் தன்னை வளர்த்ததைச் சொல்லியே அவர்களுக்கு அருள் வேண்டுமாறு பிள்ளைக்கு அங்கே கற்பிக்கப்படுகிறது. அப்பிரார்த்தனையை ஒரு பிள்ளை மனமுவந்து கூற வேண்டுமாயின், வளர்ப்பில் அருள் இருந்திருக்க வேண்டும். அருளின்றி வளர்த்தாலும் பிள்ளையின் கடமை நீங்காது. ஆனால் அந்த நாவு எத்தனை பாரத்துடன் அச்சொற்களை உச்சரிக்கும் என்பதைப் பெற்றோர் எண்ண வேண்டும்.

இப்றாஹீம் நபி (அலை) அவர்களின் வாழ்வு இங்கே பேரொளியாக நிற்கிறது. மகனாக இருந்தபோது, தம்மைக் கல்லெறிவதாக மிரட்டப்போகும் தந்தையை அவர் ‘என் தந்தையே’ என்று நான்கு முறை விளித்து நயமாகப் பேசுகிறார்; மிரட்டலுக்குப் பின்னும் ஸலாம் கூறியே விடைபெறுகிறார் (19:42–47). தந்தையானபோது, இறைக்கட்டளையாகத் தாம் கண்ட கனவையே மகனிடம் சொல்லி, அவருடைய கருத்து யாது எனக் கேட்கிறார் (37:102). தம் தந்தையிடம் கிடைக்காத செவியை அவர் தம் மகனுக்குக் கொடுத்தார். பட்டதையே திருப்பிக் கொடுக்கும் சங்கிலி அங்கே அறுபட்டது. நம் நாவலாசிரியர்கள் காட்டிய நோய்க்கு மருந்து இதுவே என்பேன்.

நபிமொழித் தொகுப்புகளும் இவ்வாறே இருபுறமும் பேசுகின்றன. தமக்குப் பத்துப் பிள்ளைகள் இருந்தும் ஒருவரையும் முத்தமிட்டதில்லை என்ற அக்ரஃ இப்னு ஹாபிஸ் (ரலி) அவர்களிடம், இரக்கம் காட்டாதவர் இரக்கம் காட்டப்படமாட்டார் என அண்ணலார் (ஸல்) எச்சரித்தார்கள். நுஃமான் இப்னு பஷீர் (ரலி) அவர்களுக்கு மட்டும் அவர்தம் தந்தை ஒரு கொடையளித்து அதற்குச் சாட்சியாகுமாறு வேண்டியபோது, பிள்ளைகளிடையே நீதி செலுத்துமாறு கூறிச் சாட்சியாக மறுத்தார்கள். அடிமையாய் இருக்கும் தந்தையை வாங்கி விடுதலை செய்தாலன்றி மகன் தந்தைக்கு ஈடு செய்ய முடியாது என்ற நபிமொழியும் உண்டு. அதனைப் பெற்றோர் பெரும்பாலும் தம் பக்கச் சான்றாகவே எடுத்துரைப்பர். எனக்கு அதில் மற்றொரு பொருளும் தோன்றுகிறது. அடைக்கவே முடியாத கடனை யாரும் மாதத் தவணையாக வசூலிக்க இயலாது. மறை கேட்பது கடனடைப்பை அன்று, இஹ்ஸானை. இஹ்ஸான் கணக்குப் புத்தகத்தில் ஏறாது.

சட்டத்தால் ஆவதும் ஆகாததும்

பிள்ளைகள் தரப்பில் குற்றமே இல்லை என்பது என் கருத்தன்று. பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்பு மற்றும் நலச் சட்டம் 2007இல் இயற்றப்பட நேர்ந்ததே அதற்குச் சான்று. கைவிடப்பட்ட பெற்றோர் தீர்ப்பாயத்தை அணுகலாம். மாதம் 10,000 ரூபாய்க்கு மேற்படாமல் பராமரிப்புத் தொகை பெறலாம். தம்மைப் பேண வேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதிக்கொடுத்த சொத்தைப் பிள்ளைகள் அந்நிபந்தனையை மீறினால் இரத்துச் செய்யக் கோரலாம். ‘ஹிபா’ என்ற பெயரில் இருந்த ஒரே வீட்டையும் எழுதிக்கொடுத்துவிட்டு மூலையில் ஒதுங்கிய முதியோர் நம் மஹல்லாக்களிலும் உள்ளனர். அவர்கள் இச்சட்டத்தை அறிந்திருப்பது அவசியம்.

எனினும் தீர்ப்பாயம் சோற்றுக்கு வழிசெய்யலாம். மகன் அருகில் வந்து அமர்வதற்கு ஆணையிட முடியாது. அதற்கான பயிற்சி முப்பது ஆண்டுகளுக்கு முன்பே, அவன் சிறுவனாக ஏதோ சொல்ல வந்த மாலைகளில் நடந்திருக்க வேண்டும்.

எழுதப்பட வேண்டியது

நாற்பது வயதை அடைந்த மனிதனின் பிரார்த்தனை ஒன்றைத் திருமறை எடுத்துரைக்கிறது (46:15). தனக்கும் தன் பெற்றோருக்கும் அருளப்பட்டதற்கு நன்றி செலுத்த வேண்டி, அதே மூச்சில் தன் சந்ததியைச் சீராக்குமாறும் அவன் இறைஞ்சுகிறான். ஒருபுறம் பெற்றோர், மறுபுறம் பிள்ளைகள், நடுவே அவன். அம்பத்தூரின் அடுக்ககத்தில் கூடத்தில் தந்தையும் உள்ளறையில் மகளும் இருக்க, இருவரின் கதவுகளுக்கும் இடையே நிற்கும் மனிதன் இவனே. மீரான் தந்தையை எழுதினார். சல்மா மகளை எழுதினார். நடுவில் நிற்பவனையும் அவன் மனைவியையும் எழுத நம் இளைஞர் எவரேனும் முன்வர வேண்டும். வந்தால், சமுதாயத்தின் மானம் போயிற்று என்று கூச்சலிடாமல் அமர்ந்து வாசிக்கும் பொறுமை மூத்தோராகிய நமக்கு வேண்டும்.

அந்த இளைஞரை அதன்பின் நான் காணவில்லை. அவர் கேட்ட தலைப்பில் பின்னர் ஒரு ஜும்ஆவில் பேசினேன். அவர் வரிசையில் இருந்தாரா என்று அறியேன். ஆனால் முன்வரிசையில் இருந்த முதியோர் சிலர் அன்று என்னிடம் ஸலாம் சொல்லாமலே வெளியேறினர். அவர்களும் ஒருநாள் கேட்பார்கள் என்றே நம்புகிறேன். அதபு என்பது விருந்துக்கு அழைத்தல் அல்லவா? அழைப்பு இருபுறமும் செல்ல வேண்டும்.