கோட்டுக்கு வெளியே எடுத்த புள்ளிகள்

கபடி ஆடத் தெரிந்தவர்கள் ‘வெண்ணிலா கபடிக்குழு’ பார்த்தால் முணுமுணுப்பார்கள். ரெய்டு போனவன் 30 விநாடிக்குள் திரும்பியாக வேண்டும்; சினிமாவுக்கு அந்தக் கடிகாரம் கிடையாது. ஆனாலும் 2009 ஜனவரியில் வந்த படம் இன்னும் பேச்சில் இருக்கிறது. கீழ்பென்னாத்தூர் பக்கம் அறுப்பு முடிந்த கழனியில் கோடு கிழித்து ஆடுகிற பையன்களிடம் கேளுங்கள். ஃபைனலில் யார் எத்தனை பாயின்ட் எடுத்தார்கள் என்று சொல்லத் தெரியாது. புரோட்டாப் பந்தயத்தை நடித்தே காட்டுவார்கள்.

இயக்கம் சுசீந்திரன், வசனம் பாஸ்கர் சக்தி. பாஸ்கர் சக்தி தேனிப் பக்கத்துக்காரர், சிறுகதை எழுத்தாளர். சின்னத்திரையில் ‘மெட்டி ஒலி’க்கு வசனம் எழுதிக் கை பழகியவர். தினம் ஒரு எபிசோடு என்பது கடுமையான பயிற்சி: சண்டையோ சமாதானமோ, நாலு சுவருக்குள் பேசியே நகர்த்த வேண்டும். அந்தப் பழக்கம் 2006-ல் ‘எம் மகன்’ படத்தில் பலித்தது. மளிகைக்கடை அப்பா நாசர், அடங்கிப்போகும் மகன் பரத். அடிதடியைவிட அப்பாவின் ஏச்சுதான் அங்கே வலிக்கும்.

புரோட்டாக் காட்சிக்கு வருவோம். அதைக் காமெடி டிராக் என்று ஒதுக்குவது தவறு. தின்ற கணக்குக்குக் கோடு போடுகிறார்கள், எண்ணிக்கையில் தகராறு வருகிறது, கோட்டையெல்லாம் அழித்துவிட்டு முதலிலிருந்து ஆரம்பிக்கலாம் என்கிறார் சூரி. நம்மூர் மின்னொளி கபடியில் ஸ்கோர் மேசையைச் சுற்றி நடக்கும் ரகளை இதுதானே! தோற்றே பழகிய ஒரு குழுவின் வீம்பு, மைதானத்துக்கு அவர்கள் போவதற்கு முன்பே நமக்குப் புரிந்துவிடுகிறது. கடைசி ஆட்டத்தில் நாயகன் சாயும்போது நெஞ்சு அடைப்பதற்கும் இந்த முன்வேலைதான் காரணம்.

ஜப்பானிய அனிமேஷன் படமான ‘தி ஃபர்ஸ்ட் ஸ்லாம் டங்க்’ (2022) இதற்கு நேர்மாறு. தன் மங்காவைத் தானே எழுதி இயக்கிய தகேஹிகோ இனோவே, ஒரே கூடைப்பந்து ஆட்டத்தை முதுகெலும்பாக வைத்து, இடையிடையே வீரனின் குடும்பத் துயரத்தைச் செருகினார். ஆட்டத்தை அப்படி எழுதும் துணிச்சல் நம் ஆட்களுக்கு இன்னும் வரவில்லை. இதில் பாஸ்கர் சக்தியையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

அவருடைய உச்சம் 2011-ல் வந்த ‘அழகர்சாமியின் குதிரை’. சொந்தக் கதை, மீண்டும் சுசீந்திரன். பொழுதுபோக்குப் பிரிவில் தேசிய விருது, அப்புக்குட்டிக்குத் துணை நடிகர் விருது. ‘பாண்டிய நாடு’ (2013) கமர்ஷியல் களம். அதிலும் விஷாலைவிட அப்பா பாரதிராஜாவின் தடுமாற்றம்தான் மனசில் தங்கியது. நாயகன் பஞ்ச் பேச வேண்டிய இடத்தில் பாஸ்கர் சக்தியின் பேனா சுணங்கும். பெரியவர்கள் குமுறும் இடத்தில் சட்டென்று ஏறும்.

2024-ல் ‘ரயில்’ படத்தை அவரே இயக்கினார். ‘வடக்கன்’ என்று வைத்திருந்த பெயர் தணிக்கையில் மாறியது. வடமாநிலத் தொழிலாளி மீது நம் ஆள் வளர்க்கும் கடுப்பு என்பது நல்ல கரு. ஆனால் நியாயம் சொல்லும் அவசரம் சில காட்சிகளில் துருத்திக்கொண்டு தெரிந்தது.

மறுபடி கபடிக்கு வருவோம். புரோ கபடி 2014-ல் வந்தது, 2017-ல் தமிழ் தலைவாஸ் சேர்ந்தது. மண் போய் மேட், வெறுங்கால் போய் ஷூ, ஆளுக்கு ஏலத்தொகை. அந்த ஏலத்தில் யாரும் கேட்காமல் ஊர் திரும்பும் பையனின் கதையை இன்னும் யாரும் சரியாக எழுதவில்லை. யார் எழுதலாம் என்று கேட்டால் நான் பாஸ்கர் சக்தி பெயரைத்தான் சொல்வேன்.