ஒகாவாவின் வயல்களைப் பார்க்கும் முறை

ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் ஷின்சுகே ஒகாவாவின் படங்களில் எதிலிருந்து தொடங்குவது? 1982-ல் வெளியான ‘ஃபுருயாஷிகி கிராமம்’ படத்திலிருந்து என்பேன். மூன்றரை மணி நேரம் ஓடும். துண்டு துண்டாகப் பார்க்காமல் ஒரே அமர்வில் பாருங்கள்.

யமகதா மாகாணத்து மலையூர் அது. குளிர் தாக்கி நெல் பதராகிவிடுகிறது. காரணத்தைத் தேடிப் படக்குழுவே வயலில் இறங்குகிறது. மலைச்சரிவை அப்படியே சின்ன உருவமாகச் செய்து, அதன்மேல் உலர்பனிப் புகையைப் படரவிட்டு, குளிர்காற்று எந்த வழியாக இறங்கி எங்கே தேங்குகிறது என்று காட்டுகிறார்கள். மண்ணை ஆராய்கிறார்கள். இந்தப் பகுதியை வகுப்புப் பாடமென்று நினைத்து ஓட்டிவிடாதீர்கள். ஒரு வயல் விளைந்து பக்கத்து வயல் ஏன் பொய்த்தது என்று புரிந்த பிறகுதான், அந்த ஊர்க் கிழவர்கள் கரிமூட்டம் போட்ட கதையையும் போருக்குப் போன கதையையும் சொல்லும்போது, அவர்கள் எதோடு மல்லுக்கட்டி வாழ்ந்தார்கள் என்பது நமக்கு உறைக்கிறது. ஒகாவா அவர்கள் பேச்சை அவசரப்பட்டு வெட்டுவதில்லை. பேச்சு நின்ற பிறகும் முகத்தைக் கவனியுங்கள்.

இந்தப் பொறுமை அவருக்குச் சன்ரிசுகாவில் வந்தது. அங்கே நரிட்டா விமான நிலையத்துக்காக நிலம் பறிக்கப்பட்ட உழவர்களின் போராட்டத்தை 1968 முதல் படமாக்கினார். அந்தப் படங்களில் கேமரா நிற்கும் இடத்தைப் பாருங்கள். அது உழவர் பக்கம் நிற்கிறது. காவலர்கள் நம்மை நோக்கி வருகிறார்கள். சார்பை ஒளிக்காத இந்த நேர்மை எனக்கு மிகவும் பிடிக்கும்.

1970-களின் நடுவில் குழுவோடு மகினோ கிராமத்தில் குடியேறி, நெல் பயிரிட்டுக்கொண்டே படமெடுத்தார். அந்த வாழ்வின் பெரும் விளைச்சல், 1987-ல் திரைக்கு வந்த ‘ஆயிரமாண்டுச் சூரியக் கடிகாரம்’. அதில் நெல் பூக்கும் காட்சிக்காகக் காத்திருங்கள். உமி பிளந்து மகரந்தத்தாள் வெளியே வருவதைப் பல நடவு கண்டவர்கள்கூட இவ்வளவு நெருக்கத்தில் பார்த்திருக்க மாட்டார்கள். பழங்காலக் குடியானவர் கிளர்ச்சி ஒன்றை ஊர்மக்களே, தங்கள் முன்னோர்களாக நின்று, நடித்துக் காட்டுகிறார்கள். புட்டோ நடனத்தைத் தோற்றுவித்த தட்சுமி ஹிஜிகாட்டாவும் படத்தில் இருக்கிறார். நாடகப் பகுதிகள் சில இடங்களில் நீளம்தான். ஆனாலும் அந்த மண்ணின் நினைவை வேறெப்படிப் படமாக்குவது?

ஒகாவா 1992-ல் மறைந்தார். அவர் முன்னின்று ஊக்கப்படுத்த, 1989-ல் தொடங்கிய யமகதா ஆவணப்பட விழா இன்றும் நடக்கிறது. உங்கள் ஊரில் திரைப்பட இயக்கம் ஏதும் இருந்தால், ‘ஃபுருயாஷிகி’யை முழுதாகத் திரையிடச் சொல்லிக் கேளுங்கள். நெல் விளைவிப்பவர்களையும் கூட்டிக்கொண்டு போங்கள்.