இரண்டு எழுத்துப் பட்டை

பிரேக் பேடின் ஓரத்தில் கரிய அழுக்குக்கு அடியில் பொடிப்பொடியாக அச்சடித்திருக்கும் இரண்டு எழுத்துகளை யாரும் படிப்பதில்லை. விலையும் பிராண்டும் சொல்லாததை அவை சொல்லும். முதல் எழுத்து சாதாரணச் சூட்டில் பேடின் பிடிமானம், இரண்டாவது கொதிக்கும்போது மிஞ்சும் பிடிமானம். 'எஃப்' (F) என்றால் உராய்வு எண் 0.35 முதல் 0.45 வரை, 'இ' (E) அதற்கு ஒரு படி கீழே. புனேயின் வாகட் பகுதியில் கார் வைத்திருப்பவருக்கு இந்த இரண்டு பிடிமானமும் வேண்டும். காலையில் ஹிஞ்சவாடி ஐடி பூங்காவுக்கு ஊர்ந்து போகையில் பேட் சூடாவதே இல்லை. வாரக்கடைசியில் மும்பை எக்ஸ்பிரஸ்வேயில் கண்டாலா மலைச்சரிவில் இறங்கினால் அதே பேட் கொதிக்கும்.

அப்படியானால் பந்தயக் கார் பேடே போடலாமே என்பார்கள். அது சூடேறினால்தான் கடிக்கும். ஊர்ந்து போகிற காருக்கு அது அசட்டு ஆடம்பரம். செராமிக் பேட் சத்தமும் தூசியும் குறைவாகத் தரும், உண்மைதான், ஆனால் பிடிமானத்துக்கு அந்தப் பெயர் உத்தரவாதமில்லை. தேய்ந்த பக்கம் மட்டும் மாற்றினால் போதாதா? போதாது, வண்டி ஒரு பக்கம் இழுக்கும். மூன்று மில்லிமீட்டருக்குத் தேய்ந்ததும் இரு பக்கமும் மாற்றி, பேடை அழுத்தும் காலிப்பர் பிஸ்டனை மெல்ல உள்ளே தள்ளி, வண்டியை நகர்த்துமுன் பெடலை இறுகும்வரை மிதிக்க வேண்டும். மறந்தால் முதல் மிதியில் கால் தரைவரை போகும்.