மாக்கோ உலையும் ஒப்புதலின் விலையும்: ‘ஃபைனல் ஃபேன்டசி 7’ காணொளி விளையாட்டில் ஆற்றலும் பொறுப்பும்

ஆய்வுச்சுருக்கம்

ஜப்பானின் ஸ்கொயர் நிறுவனம் 1997 ஜனவரி 31 அன்று வெளியிட்ட ‘ஃபைனல் ஃபேன்டசி 7’ என்னும் காணொளி விளையாட்டில், நிலத்தடியில் ஓடும் உயிராற்றலை உறிஞ்சி நகரங்களுக்கு மின்சாரமாக்கும் மாக்கோ உலை மையப் படிமமாக அமைந்துள்ளது. இதனைச் சூழலியல் எச்சரிக்கையாக வாசிப்பது இயல்பு. எனினும் உலையின் தீமையைக் காட்டிலும், உலைக்கு இசைந்தவர்களின் பொறுப்பையே இப்படைப்பு ஆழமாகப் பேசுகிறது என்பதை இக்கட்டுரை எடுத்துரைக்கிறது. அப்பொறுப்பு 2020இல் வெளிவந்த மறுஆக்கத்தில் இடம்பெயர்ந்துள்ளமையையும் ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: மாக்கோ உலை, மிட்கர், கோரல், ஒப்புதல், மறுஆக்கம்

உலை என்னும் சொல்

ஜப்பானிய மூலத்தில் இவ்வியந்திரத்தின் பெயர் ‘மாக்கோரோ’. ‘மா’ மாயத்தையும், ‘கோ’ ஒளியையும், ‘ரோ’ உலையையும் குறிக்கும். அணு உலையைக் குறிக்கும் ‘கென்ஷிரோ’ என்னும் சொல்லின் ஈறும் இதே ‘ரோ’ ஆகும். தமிழில் ‘அணு உலை’, ‘மாக்கோ உலை’ என வழங்கும்போதும் இவ்வொப்புமை கெடுவதில்லை. 1995 டிசம்பர் 8 அன்று ஜப்பானின் மொஞ்சு அணு உலையில் சோடியம் கசிந்தது. கசிவைக் காட்டும் படப்பதிவின் பகுதிகளை அதனை இயக்கிய அமைப்பு மறைத்தது பின்னர் வெளிப்பட்டது. அந்நிகழ்வே படைப்புக்குத் தூண்டுதல் என்று கொள்ள வேண்டியதில்லை. ‘உலை’ என்னும் சொல்லை அந்நாட்டின் முதல் ஆட்டக்காரர்கள் எத்தகைய சூழலில் எதிர்கொண்டனர் என்பதை அது உணர்த்துகிறது.

மிட்கரின் அமைப்பு

ஷின்ரா மின்னாற்றல் நிறுவனம் ஆளும் மிட்கர் நகரைச் சுற்றி எட்டு உலைகள் நிற்கின்றன. தூண்கள் தாங்கும் மாபெரும் உலோகத் தட்டின்மீது வசதி படைத்தோர் வாழ்கின்றனர். தட்டின் நிழலில் வானம் காணாத சேரிகள் உள்ளன. காஸ்மோ கேன்யனில் வாழும் முதியவரான பூகன்ஹாகன் தரும் விளக்கத்தின்படி, இறந்தோரின் உயிர் கோளின் உயிரோட்டத்தில் கலக்கிறது. புதிய உயிர்கள் அதிலிருந்தே பிறக்கின்றன. ஆகவே மிட்கரின் விளக்குகளில் எரிவது முன்னோரின் எச்சமும் இனிப் பிறக்கவேண்டியோரின் முதலும் ஆகும். ஆற்றலின் விலையைச் செலுத்துவோர் அதனை நுகர்வோரின் கண்ணுக்குப் புலப்படுவதில்லை என்னும் உண்மைக்கு, மாய ஆற்றல் என்னும் கற்பனை இவ்வாறு வடிவம் தருகிறது.

கோரல்: இசைந்தவன் கதை

இப்படைப்பின் அறச்சிக்கல் மிட்கரில் அன்று, கோரல் என்னும் நிலக்கரிச் சுரங்க ஊரில் வேர்கொள்கிறது. அங்கு உலை அமைக்க ஷின்ரா முன்வந்தபோது, தலைமுறைகளாகக் காத்த நிலக்கரியைக் கைவிட இயலாது என டைன் மறுக்கிறான். நிலக்கரிக்கு இனி மதிப்பில்லை என்று வாதிட்டு உலைக்கு இசைபவன் அவனுடைய நண்பன் பாரெட். பின்னர் உலையில் வெடிப்பு நேர்கிறது; ஷின்ரா பழியை மக்கள்மேல் சுமத்தி ஊரை எரிக்கிறது. பாரெட் மனைவியை இழக்கிறான். பள்ளத்தில் தொங்கும் டைனின் கையைப் பற்றியிருந்த வலக்கையையும் துப்பாக்கிச் சூட்டில் இழக்கிறான்.

மிட்கரில் உலைகளைத் தகர்க்கும் அவலான்ச் குழுவின் தலைவன் இதே பாரெட் என்பது கருதத்தக்கது. அவனது சீற்றத்தின் அடியில், தான் ஒருகாலத்தில் சொன்ன ‘ஆம்’ கிடக்கிறது. முதலாம் உலையைத் தகர்த்தபோது எத்தனை பேர் மாண்டனர் என்று, ஷின்ராவின் நகர வளர்ச்சித் துறைத் தலைவரான ரீவ், கெய்ட் சித் என்னும் பொம்மையின் வாயிலாக அவனிடம் வினவுகிறார். கோளைக் காக்கும் பெருநோக்கு அவ்வினாவுக்கு விடையாவதில்லை. வெடிகுண்டை வைப்பது ஆட்டக்காரரின் கையே ஆதலால், வினா அவரையும் சேர்ந்தே தொடுகிறது.

மறுஆக்கத்தில் நேர்ந்த மாற்றம்

2020ஆம் ஆண்டின் மறுஆக்கத்தில் அவலான்சின் குண்டு சிறு சேதத்தையே விளைவிக்கிறது. ஷின்ரா தன் இயந்திரங்களை ஏவித் தன் உலையைத் தானே பேரழிவாக வெடிக்கச் செய்கிறது. சிதைந்த தெருக்களையும் தவிக்கும் மக்களையும் இவ்வாக்கம் விரிவாகக் காட்டுவது அதன் சிறப்பு. குண்டு செய்த ஜெஸ்ஸி தன்னையே நொந்துகொள்வதும் நுட்பமான இடம். ஆயினும் அவள் குற்றமற்றவள் என்பதை ஆட்டக்காரர் முன்னரே அறிந்துவிடுகிறார். கதைமாந்தரின் குற்றவுணர்வு எஞ்சினும் குற்றம் நிறுவனத்தின் கணக்குக்கு மாறிவிடுகிறது. ஷின்ரா மேலும் கொடியதாகத் தோன்றும் அளவிற்கு ரீவின் வினா வலுவிழக்கிறது.

முடிவுரை

மூல விளையாட்டின் இறுதிக்காட்சி, ஐந்நூறு ஆண்டுகளுக்குப் பின் பசுமை போர்த்திய மிட்கரைக் காட்டுகிறது. ஆனால் கதையின் தொடர்ச்சியாக 2005இல் வந்த ‘அட்வென்ட் சில்ட்ரன்’ திரைப்படத்தில், மாக்கோவுக்கு மாற்றாகப் பாரெட் எண்ணெய் வயல் ஒன்றைக் கண்டடைந்த செய்தி இடம்பெறுகிறது. கோரலில் உலைக்கு இசைந்தவனே மீண்டும் ஓர் ஆற்றல் மூலத்தைத் தேடிச் செல்கிறான். அதற்கு யார் இசைவர், அதன் விலையை யார் செலுத்துவர் என்னும் வினாக்களை அப்படம் எழுப்பவில்லை. கோரலின் கதையை நினைவில் கொண்ட ஆட்டக்காரருக்கு அவை எழாமல் இரா. மாக்கோ உலையைத் தீயதோர் இயந்திரமாக மட்டும் சுருக்கும் வாசிப்பு இவ்வினாக்களைத் தவறவிடுகிறது.