ஒட்டும் கழுவும்: பெரியபுராணப் புனல்வாத உடன்படிக்கையும் கீழக்குயில்குடிக் கல்வெட்டுகளும்

ஆய்வுச் சுருக்கம்

பெரியபுராணத்தில் திருஞானசம்பந்தருக்கும் சமணருக்கும் இடையே நிகழும் புனல்வாதம், தோற்றவர்க்குரிய தண்டனையை முன்னரே வரையறுக்கும் ஓர் உடன்படிக்கையின்மேல் நடக்கிறது. அவ்வுடன்படிக்கை கதையில் எவ்விடத்தில், யார் வாய்மொழியாக வருகிறது என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது. கொலைப்பொறுப்பைத் தோற்றவர்மேல் ஏற்றுவதே அதன் பணி என்பதும், அப்பணியை அது முழுமையாக நிறைவேற்றவில்லை என்பதைக் காப்பியமே உணர்த்துகிறது என்பதும் இங்கு முன்வைக்கப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: பெரியபுராணம், புனல்வாதம், ஒட்டு, கழுவேற்றம், சமணர் மலை

முன்னுரை

மந்திர ஆற்றலுக்கு எல்லை வகுக்கும் ஒப்பந்தங்கள் இன்றைய மிகைபுனைவுகளுக்கு மட்டும் உரியவை அல்ல. அற்புதங்கள் மோதும்போது அவற்றை விதிக்குள் அடக்கவேண்டிய தேவை சமயக் காப்பியங்களிலும் எழுகிறது. 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் பாடிய பெரியபுராணத்தின் மதுரை நிகழ்ச்சிகள் இதற்குத் தக்க சான்று. இப்பகுதியைப் பற்றிய விவாதங்கள் பெரும்பாலும் கழுவேற்றம் நடந்ததா இல்லையா என்ற வினாவிலேயே நின்றுவிடுகின்றன. கழுவேற்றத்திற்கு முன்னுரையாக அமையும் உடன்படிக்கை போதிய கவனம் பெறவில்லை.

உடன்படிக்கை வரும் இடம்

சம்பந்தர் தங்கிய மடத்திற்குச் சமணர் தீயிடுகின்றனர். அத்தீ பாண்டியன் நெடுமாறனின் உடலில் வெப்புநோயாகப் பற்றுகிறது. இதுவரை ஆற்றல் விதியின்றி இயங்குகிறது. குடிகளைக் காக்கும் வேந்தனே அதற்கு இரையாகிறான். இதன்பின் விதிகள் படிப்படியாக இறுகுகின்றன. நோய் தீர்க்கையில் மன்னன் உடலின் இடப்புறம் சமணர்க்கும் வலப்புறம் சம்பந்தர்க்கும் எனப் பங்கிடப்படுகிறது. அனல்வாதத்தில் இருதரப்பு ஏடுகளும் தீயில் இடப்படுகின்றன. ஆயினும் இவ்விரண்டிலும் தோற்றவர்க்குத் தண்டனை எதுவும் பேசப்படவில்லை. மூன்றாவதான புனல்வாதத்திற்கு முன்னரே அது முதன்முறையாக நுழைகிறது. சமணர் இருமுறை தோற்றபின், முடிவு ஏறத்தாழத் தெரிந்துவிட்ட நிலையில் எழுதப்படும் ஒப்பந்தம் இது. இருதரப்புக்கும் சமமான இடர் இருக்கும்போதே ஒட்டு என்பதற்குப் பொருள் உண்டு. இங்கு அச்சமநிலை இல்லை.

யார் வாய்மொழி

தோற்றவர்க்கு நேர்வதை முடிவுசெய்துகொண்டே வாதம் தொடங்கவேண்டும் என்று கோருபவர் அமைச்சர் குலச்சிறையார். அவர் நடுநிலையாளர் அல்லர். அரசி மங்கையர்க்கரசியாருடன் சேர்ந்து சம்பந்தரை மதுரைக்கு அழைத்தவர். தண்டனையின் பெயரை மட்டும் சேக்கிழார் சமணர் வாயில் வைக்கிறார். வெகுளியும் பொறாமையும் மிக, வாய் சோர்ந்து, தாம் தோற்றால் வேந்தன் தம்மைக் கழுவேற்றலாம் என்று அவர்கள் கூறியதாகப் பாடுகிறார். வாய்சோர்வில் பிறந்த சொல் பின்னர்ச் சட்டமாகிறது. ஏடு வைகையை எதிர்த்துச் சென்று திருவேடகத்தை அடைந்தபின், தண்டனையை நிறைவேற்றும் பணி அதே குலச்சிறையாரிடம் ஒப்படைக்கப்படுகிறது. நிபந்தனையைக் கேட்டவரே அதை நிறைவேற்றுபவராகவும் ஆகிறார்.

நிறைவுறாத நியாயம்

உடன்படிக்கை மட்டுமே போதுமானதாயின் காப்பியம் இங்கு மேலும் விளக்கம் கூற வேண்டியதில்லை. ஆனால் சேக்கிழார் கூறுகிறார். சம்பந்தர் பகைமை அற்றவர். எனினும் அடியார் வாழும் மடத்திற்குச் சமணர் தீங்கு செய்ததால் கழுவேற்றத்தை விலக்காமல் இருந்தார் என்கிறார். ஒப்பந்தத்தின் நியாயத்தோடு பழைய குற்றத்தின் நியாயமும் சேர்க்கப்படுவது, முதலாவது தனித்து நிற்கவில்லை என்பதற்குச் சான்று. இவ்விரண்டாம் காரணத்தைச் சேக்கிழாரின் அறச்சங்கடத்தின் தடமாகவே கொள்ளவேண்டும். சமணரைக் கடிந்து பாடும் சம்பந்தர் தம் பதிகங்களில் கழுவேற்றத்தைக் கூறவில்லை என்பதும், பின்வந்த நம்பியாண்டார் நம்பியின் பாடல்களில் அக்குறிப்பு இடம்பெறுவதும் இங்கு எண்ணத்தக்கன. கே.ஏ.நீலகண்ட சாஸ்திரி இதனை வரலாறாகக் கொள்ளாமல் கட்டுக்கதை என்றே ஒதுக்கினார். கட்டுக்கதையே ஆயினும் அதற்கு ஓர் உடன்படிக்கை ஏன் தேவைப்பட்டது என்ற வினா எஞ்சுகிறது.

சமணக் காப்பியமான நீலகேசி இதற்கு மாற்றான வடிவத்தைக் காட்டுகிறது. அதன் வாதச் சருக்கங்களில் பௌத்தம், ஆசீவகம், சாங்கியம் முதலியவை தருக்கத்தால் எதிர்கொள்ளப்படுகின்றன. தீயும் நீரும் அங்கு நடுவர்கள் அல்ல. தருக்கத்தில் தோற்றவர் மீண்டும் வாதிடலாம். அற்புதத்தில் தோற்றவர்க்கு மறுமொழி இல்லை.

மறுதரப்பின் எழுத்து

உடன்படிக்கை என்பது இருதரப்பும் ஆளுக்கொரு படி வைத்திருப்பது. புனல்வாத உடன்படிக்கைக்கோ வென்றவர் படி மட்டுமே கிடைக்கிறது. எண்பெருங்குன்றத்து எண்ணாயிரவர் கழுவேறினர் என்று பெரியபுராணம் கூறும் மதுரைக்கு மேற்கே, கீழக்குயில்குடியில் சமணர் மலை உள்ளது. அங்குச் செட்டிப்புடவிலும் பேச்சிப்பள்ளத்திலும் 9, 10ஆம் நூற்றாண்டுகளைச் சேர்ந்த தீர்த்தங்கரர் திருமேனிகளும் வட்டெழுத்துக் கல்வெட்டுகளும் காணப்படுகின்றன. அச்சணந்தியின் தாயார் குணமதியார் செய்வித்த திருமேனியும், குரண்டித் திருக்காட்டாம்பள்ளியைச் சார்ந்தோர் பெயர்களும் அவற்றில் இடம்பெறுகின்றன. சம்பந்தர் காலமான 7ஆம் நூற்றாண்டுக்கு ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்குப் பின்னும் மதுரைச் சமணம் ஆசிரியர், மாணாக்கர், கொடையாளர் என இயங்கியதை இவை உறுதிசெய்கின்றன. கழுவேற்றம் நிகழவே இல்லை என்பதற்கு இவை நேர்ச்சான்று ஆகா. எண்பெருங்குன்றத்துச் சமணர் முற்றாக அழிந்தனர் என்னும் வாசிப்பை மட்டும் இவை மறுக்கின்றன. வாதத்தைப் பற்றியோ ஒட்டைப் பற்றியோ இக்கல்வெட்டுகள் எதுவும் பேசவில்லை. யார் யாருக்கு ஆசிரியர், யார் செய்வித்த திருமேனி என்பனவே அவற்றின் பொருள்.

முடிவுரை

பெரியபுராணத்தின் உடன்படிக்கை அற்புதத்தைச் சட்டமாக்கி, கொலையைத் தோற்றவரின் சொந்தச் சொல்லாக மாற்றுகிறது. இரண்டாவது நியாயம் ஒன்றைத் தேடுவதன் வழி அம்மாற்றத்தின் போதாமையையும் அதுவே ஒப்புக்கொள்கிறது. வகுப்பறையில் இப்பகுதியைப் பயிற்றுவிக்கையில், நடந்ததா என்ற வினாவோடு, தோற்றவர் சொன்னதாக வரும் சொல்லை எழுதியவர் யார் என்ற வினாவும் எழுப்பப்பட வேண்டும். சேக்கிழாரின் செய்யுளையும் கீழக்குயில்குடியின் வட்டெழுத்தையும் அருகருகே வைத்துப் படிக்கும்போது அவ்வினா தானாகவே எழும்.