சக்கரவாளக் கோட்டம்

சக்கரவாளக் கோட்டம் என்பது சீத்தலைச் சாத்தனார் இயற்றிய மணிமேகலைக் காப்பியத்தில், காவிரிப்பூம்பட்டினத்தை அடுத்து அமைந்ததாகக் கூறப்படும் சுடுகாட்டின் பெயர். பௌத்த அண்டவியலில் மேருமலையை நடுவாகக் கொண்டு மலைகளும் கடல்களும் தீவுகளும் சூழ்ந்த ஓர் உலகத் தொகுதி சக்கரவாளம் எனப்படும். அத்தொகுதி முழுவதும் வந்து கூடிய இடம் என்பதால் இச்சுடுகாடு இப்பெயர் பெற்றது என்று காப்பியத்தின் 6-ஆம் காதையான சக்கரவாளக் கோட்டம் உரைத்த காதை தெரிவிக்கிறது. பல உலகங்களை ஓரிடத்தில் இணைக்கும் புனைவுகளுள் தமிழில் கிடைக்கும் மிகப் பழையவற்றுள் இதுவும் ஒன்று.

கோட்டத்தின் அமைப்பு

உதயகுமரனுக்கு அஞ்சி உவவனத்தில் இருந்த மணிமேகலையையும் சுதமதியையும், மதிலின் மேற்குப் பக்கத்துச் சிறு வாயில் வழியே சக்கரவாளக் கோட்டம் செல்லுமாறு மணிமேகலா தெய்வம் கூறுகிறது. ஊரார் அனைவரும் சுடுகாட்டுக் கோட்டம் என்று அழைப்பதைத் தெய்வம் மட்டும் வேறு பெயரால் அழைப்பது ஏன் என்று சுதமதி கேட்கிறாள். அதற்கு விடையாகவே இக்கதை வருகிறது.

கோட்டத்திற்கு நான்கு வாயில்கள். ஒன்று தேவர் புகும் கொடி வாயில். ஒன்றில் நெல்லும் கரும்பும் நீரும் சோலையும் தீட்டப்பட்டுள்ளன. ஒன்று ஓவியம் எதுவும் இல்லாமல் வெண்சுதை மட்டும் பூசப்பட்டது. மற்றொன்றில் பாசமும் சூலமும் ஏந்திய பெரிய சுதையுருவம் நிற்கிறது. உள்ளே பிணத்தைச் சுடுவோரும், வெளியில் இடுவோரும், குழி தோண்டிப் புதைப்போரும், தாழியில் கவிப்போரும் வந்துபோகின்றனர். பழந்தமிழரின் ஈமமுறைகளை ஆராய்பவர்கள் இப்பகுதியைப் பெரிதும் எடுத்துக்காட்டுவர்.

கோதமையின் வழக்கு

சார்ங்கலன் என்னும் அந்தணச் சிறுவன் தனியே அவ்வழியே சென்றான். தலையோட்டை ஏந்திக் கூத்தாடும் பேயைக் கண்டு நடுங்கி, வீட்டுக்கு ஓடித் தாயிடம் சொல்லி உயிர்விட்டான். கண்ணிழந்த கணவனோடு வாழ்ந்த தாய் கோதமை, மகன் உடலைத் தழுவி எடுத்துவந்து நகரின் காவல் தெய்வமான சம்பாபதியிடம் முறையிட்டாள். தன் உயிரை எடுத்துக்கொண்டு மகனுக்கு உயிர் தந்தால் அவன் தந்தையைக் காப்பான் என்பது அவள் கோரிக்கை.

உயிருக்கு உயிர் மாற்றாகும் என்றால் அரசர்களுக்காக உயிர் தருவோர் இல்லையா, இக்காட்டிலேயே அரசர்க்கு அமைத்த கோட்டங்கள் ஆயிரம் இருக்கின்றனவே என்று சம்பாபதி மறுக்கிறாள். தேவர்கள் வரம் தருவார்கள் என்று நூல்கள் கூறுகின்றனவே என்று கோதமை விடாமல் கேட்கிறாள். அப்போது சம்பாபதி சக்கரவாளத்தில் உள்ள பிரமர்கள், தேவர்கள், அசுரர்கள், நரகர், ஞாயிறு, திங்கள், விண்மீன்கள் என எல்லோரையும் அங்கே வரவழைக்கிறாள். அவர்கள் அனைவரும் சம்பாபதி சொன்னதையே சொல்கின்றனர். கோதமை தெளிந்து, மகனை ஈமத்தில் இட்டுத் தானும் இறக்கிறாள். அந்நிகழ்ச்சியின் நினைவாக மயன் மேருவையும், ஏழு மலைகளையும், நான்கு பெருந்தீவுகளையும், 2,000 சிறுதீவுகளையும், அங்கங்கே வாழும் உயிர்களையும் அவ்விடத்தில் உருவங்களாகச் செய்து வைத்தான்.

திறனாய்வு

இறந்த மகனைத் தூக்கிக்கொண்டு புத்தரிடம் வந்த கிசா கோதமியின் கதையை இப்பகுதி நினைவூட்டுகிறது. தாயின் பெயரும் ஏறக்குறைய ஒன்றே. அங்கே தாய் வீடு வீடாகச் சென்று, சாவு நிகழாத வீட்டுக் கடுகைத் தேடித் தோற்று உண்மையை உணர்கிறாள். இங்கே உலகங்கள் அனைத்தும் தாயிடம் வருகின்றன. வந்தும் விடை மாறவில்லை. சாத்தனார் செய்த மாற்றத்தின் வலிமை இதுவே. பல உலகங்களை இணைக்கும் வாசல் என்றால் இழந்ததை மீட்கும் வழி என்றே இன்றைய மாயக் கதைகளும் திரைப்படங்களும் பெரும்பாலும் பழக்கியுள்ளன. சக்கரவாளக் கோட்டத்தில் எல்லா வாசல்களும் ஒருசேரத் திறக்கின்றன. ஆனால் சிறுவன் எழவில்லை.

குறையும் உண்டு. வந்து கூடிய தெய்வங்கள் எண்ணிக்கையாக நிற்கின்றனவே தவிர, எதற்கும் தனிக் குரல் இல்லை. மயன் படைத்த உலக உருவமும் சில அடிகளில் முடிந்துவிடுகிறது. அத்தனை உலகங்களுக்கு நடுவே உயிரோடு பேசுபவள் கோதமை ஒருத்திதான். தத்துவம் வென்றாலும் படிப்பவர் மனம் தோற்றவள் பக்கமே நிற்கிறது. அவளது வாதத்தைச் சாத்தனார் சுருக்காமல் சொல்லியிருப்பதால் இக்காதை வெறும் போதனையாகிவிடவில்லை.

திருவொற்றியூருடன் ஒப்பீடு

காவிரிப்பூம்பட்டினத்து வணிகரான பட்டினத்தார் இறுதியில் வடசென்னையின் திருவொற்றியூர்க் கடற்கரையில் அடங்கினார் என்பது மரபு. இவ்விரு கடற்கரை ஊர்களையும் வேறொரு வகையிலும் ஒப்பிடலாம். 12-ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரியபுராணத்தில் கயிலையும் மண்ணுலகும் சந்திக்கும் ஊர்களுள் ஒன்று திருவொற்றியூர். கயிலையில் இருந்த சுந்தரரும் அனிந்திதையும் மண்ணில் பிறந்து இவ்வூரில் சேர்கின்றனர். அனிந்திதையே ஞாயிறு என்னும் ஊரில் பிறந்த சங்கிலியார். பிரியேன் என்று மகிழமரத்தடியில் செய்த சூளை மீறிச் சுந்தரர் ஊர் எல்லையைக் கடந்ததும் பார்வையை இழக்கிறார். இறைவனுக்கே தோழராக இருந்தும் சூளுறவின் விளைவு அவரை விடவில்லை.

இதுவரை இரு காப்பியங்களும் ஒத்துச் செல்கின்றன. பின்னர் பிரிகின்றன. சுந்தரருக்குக் காஞ்சியில் ஒரு கண்ணும் திருவாரூரில் மறு கண்ணும் திரும்பக் கிடைக்கின்றன. மயிலாப்பூரில் சம்பந்தர் பாடியதும் பூம்பாவை குடத்துச் சாம்பலிலிருந்து எழுகிறாள். பக்தி மரபில் அருள் வினையை வெல்லும். சாத்தனாரின் பௌத்தத்தில் வினைக்கு விலக்கு இல்லை. கோதமைக்குக் கிடைக்காத விடை பூம்பாவையின் தந்தை சிவநேசருக்குக் கிடைத்ததாகச் சேர்த்துப் படித்தால், இரு சமயங்களின் வேறுபாடு மாணவர்க்கு எளிதில் விளங்கும்.

காப்பியத்தில் கோட்டத்தின் பங்கு

கோட்டம் 6-ஆம் காதையோடு முடிந்துவிடுவதில்லை. அக்கதையைக் கேட்ட இரவிலேயே சுதமதி உறங்க, தெய்வம் மணிமேகலையை 30 யோசனை தெற்கே மணிபல்லவத் தீவுக்கு எடுத்துச் செல்கிறது. அங்கே புத்த பீடிகை அவளது முற்பிறப்பைக் காட்டுகிறது. பின்னர் 25-ஆம் காதையில், ஆபுத்திரனாக இருந்து அரசனாய்ப் பிறந்த புண்ணியராசன், தன் பழைய உடலின் எலும்பை அதே தீவின் மணலில் காண்கிறான். இங்கும் முற்பிறப்பைப் பார்க்க முடிகிறது, அதற்குத் திரும்ப முடியாது.

மணிபல்லவத்திலிருந்து மணிமேகலை கொண்டுவருவது அமுதசுரபி. அதை ஏந்தி அவள் உணவிடத் தொடங்கும் உலக அறவி என்னும் பொது அம்பலம் சக்கரவாளக் கோட்டத்தில்தான் இருக்கிறது. தெய்வங்கள் எல்லாம் கூடியும் ஒரு சிறுவனுக்கு உயிர் தர முடியாத இடத்தில், ஒரு பெண் பசித்தவர்களுக்குச் சோறு தருகிறாள். உண்டி கொடுப்பதே உயிர் கொடுப்பது என்ற காப்பியத்தின் கருத்துக்கு இதைவிடப் பொருத்தமான இடம் இல்லை. உ. வே. சாமிநாதையர் 1898-இல் பதிப்பித்த காலம் முதல் அமுதசுரபி பற்றிப் பலர் எழுதியுள்ளனர். 6-ஆம் காதையையும், உலக அறவி புக்க காதையான 17-ஆம் காதையையும் அடுத்தடுத்துப் படிப்பவர், அப்பாத்திரம் முதலில் யாருடைய துயருக்குப் பின் அங்கே வந்தது என்பதை அறிவர்.