11 நிமிட ஜாஸ்

நெதர்லாந்து இயக்குநர் பெர்ட் ஹான்ஸ்ட்ராவின் ‘கிளாஸ்’ (1958) ஆவணப்படத்தில் வர்ணனை என்று ஒரு சொல் கிடையாது. அந்நாட்டின் லேர்டாம் கண்ணாடித் தொழிற்சாலை அவரிடம் கேட்டது தொழிலை விளக்கும் ஒரு படம். அதையும் ஒழுங்காக எடுத்துக் கொடுத்தார். கூடவே, தன் ஆசைக்கு இந்த 11 நிமிடப் படத்தையும் செய்துகொண்டார். ஆஸ்கர் வாங்கியது ஆசைக்குச் செய்ததுதான்.

குழலின் முனையில் செக்கச்செவேலென்று கண்ணாடிக் குழம்பு. ஊதுகிறவரின் கன்னம் நாகஸ்வரக்காரருடையதைப் போல உப்புகிறது. பிம் ஜேக்கப்ஸ் குழுவின் ஜாஸ் அந்த மூச்சோடு இழைகிறது. ஜாடி வயிறு பெருக்கும்போது வாத்தியமும் பெருமூச்சு விடுகிறது. எது எதற்குத் தாளம் போடுகிறது என்று பிரிக்க முடியாது. ஜாடி முழுசாக உருவாவதைக் காட்ட ஹான்ஸ்ட்ராவுக்குப் பொறுமையில்லை. ஒருவர் தொடங்கிய மூச்சை அடுத்த ஷாட்டில் வேறொருவர் முடிக்கிறார். குழலை உருட்டும் விரல், சுருங்கும் கண், இன்னொரு கன்னம் என்று தாவிக்கொண்டே போகிறார். கண்ணாடி செய்யும் முறையைக் கற்றுக்கொள்ள இதைப் பார்த்துப் பயனில்லை.

ஹான்ஸ்ட்ராவின் நாட்டுக்காரரான யோரிஸ் ஈவன்ஸ் 1931-லேயே ‘பிலிப்ஸ் ரேடியோ’ படத்தில் ஊதுகிறவரின் கன்னத்தை நெருங்கிக் காட்டியிருக்கிறார். அங்கே நம் கண்ணில் படுவது உழைப்பின் வலி. ஹான்ஸ்ட்ராவின் ஆட்களோ வாத்தியம் வாசிக்கிறார்கள். உலைச்சூடும் வியர்வையும் எங்கே போயின என்று கேட்கலாம், நியாயமான கேள்விதான். ஆனால் கையில் வேலை படிந்துவிட்டவனின் அலட்சிய அழகை இவ்வளவு நன்றாகப் பிடித்த படம் எனக்குத் தெரிந்து வேறில்லை.

பிறகு எந்திரம். இசை விறைத்துக்கொள்கிறது. பாட்டில்கள் வரிசையாக வர, இரும்புக் கரம் கழுத்தைப் பிடித்துத் தூக்கி வைக்கிறது. கழுத்து உடைந்த ஒரு பாட்டில் வந்து நிற்கிறது. கரம் காற்றைப் பிடித்துவிட்டுத் திரும்புகிறது, மறுபடி வருகிறது, மறுபடியும் காற்று. பின்னால் வருபவை முட்டி மோதிச் சிதறுகின்றன. எந்திரத்துக்குக் கவலையே இல்லை. கடைசியில் ஓர் ஆள் வந்து அந்தப் பாட்டிலை எடுத்துப் போடுகிறார்.

இதை வைத்து, கைவினையைப் புகழ்ந்து எந்திரத்தைப் பழிக்கும் படம் என்று சொல்லிவிடுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. படத்தின் ஆகச்சிறந்த நகைச்சுவைக் காட்சியை ஹான்ஸ்ட்ரா எந்திரத்துக்கல்லவா கொடுத்திருக்கிறார்! பழிக்க நினைத்தவர் அந்த இரும்புக் கரத்தின் அசட்டுப் பிடிவாதத்தை இவ்வளவு ஆசையாகப் பார்த்துக்கொண்டிருக்க மாட்டார்.